பல்லி ராசாவின் மந்திரி

ஜப்பானில் பல வருடம் நடிகராக இருந்தவர் என்று ஒருவரை உங்களுக்கு அறிமுகப்படுத்தினால் என்ன நினைப்பீர்கள்? நாங்களும் அப்படித்தான் நினைத்தோம். வாள், குதிரை, பனி பெய்கிற மலை என்று என்னென்னவோ நினைத்தோம். அவர் நடித்தது கத்தரிக்காயாக.

கத்தரிக்காய் என்றால் கையும் காலும் முளைத்த கத்தரிக்காய்ப் பூதம். அதற்கு முதல், சோறு அவிக்கிற மின்சாரப் பானையொன்று கோபம் கொண்டு ஊரை விழுங்குகிற கதையில் அந்தப் பானை. அதற்கும் முதல் மூன்று ஆந்தைகளில் மூன்றாவது ஆந்தை. ஜப்பானில் சின்னப் பிள்ளைகளுக்கென்று ஒரு வகைத் தொலைக்காட்சித் தொடர் இருக்கிறதாம். கிழமைக்கு ஒரு பூதம் வரும். அட்டையில் செய்த நகரத்தை மிதிக்கும். பிறகு பளபளக்கிற உடுப்புப் போட்ட வீரர்கள் வந்து அதை வெடிக்க வைப்பார்கள். எங்களுடைய ஆள் வெடிக்கிற பக்கம்.

கொழும்பு வெள்ளவத்தையில் காலி வீதிக்கும் கடலுக்கும் நடுவில் இருந்த எங்கள் ஒழுங்கையில் அவரை எல்லாரும் ஜப்பான் என்றே சொன்னார்கள். அம்மாவுக்கு எப்படியோ சுற்றி வளைத்துத் தம்பி முறை. அதனால் எனக்கும் அண்ணாவுக்கும் ஜப்பான் மாமா. அப்பா இறந்த பிறகு நாங்கள் மூன்று பேரும் மேல்மாடியில் வாடகைக்கு இருந்தோம். அண்ணாவுக்கு ஒரு வங்கியில் வேலை. எனக்குக் கப்பல் கம்பனி ஒன்றில் தட்டச்சு வேலை. மாமா அதே கட்டடத்தில் கீழே பின்னறையில் தனியாக இருந்தார். பின்னேரம் தேத்தண்ணி கொதிக்கிற மணம் எப்படித்தான் கீழே போய்ச் சேருமோ தெரியாது, அவர் படியேறி வந்துவிடுவார்.

ஆள் நல்ல உயரம். அதில் பெரும் பங்கு கழுத்து. அந்தக் கழுத்தை அவர் பார்த்துக்கொண்டதைப் போல ஒரு பெண்ணைப் பார்த்திருந்தால் குடும்பம் குழந்தை என்று ஆகியிருப்பார். காலையில் மாடிப்படியின் அடியில் நின்று கழுத்தை இடமும் வலமும் சுழற்றுவார். நல்லெண்ணெய் பூசுவார். கூதல் காற்று வீசினால் அதற்குத் துவாய் கட்டுவார். பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் நின்று பார்த்தால் இன்னும் இரண்டு சுற்று கூடுதலாகச் சுழற்றுவார்.

அந்தக் கழுத்துதான் அவரை நடிகராக்கியது. படகு எஞ்சின் திருத்தப் படிக்கவென்று ஜப்பானுக்குப் போனவர். படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, பகுதி நேர வேலைகள் செய்து திரிந்தபோது, படப்பிடிப்புகளுக்கு வெளிநாட்டுக்காரரைச் சேர்த்துக் கொடுக்கிற ஒருவனின் கண்ணில் பட்டார். பூதங்களின் இரப்பர்த் தலைகள் பெரும் பாரமாம். அதைத் தாங்குவதற்கு ஒரு கழுத்து தேவைப்பட்டது. இவரிடம் அது இருந்தது. பாஷை சரியாக வராததால் வசனம் இல்லாத வேடங்களாகப் பார்த்துக் கொடுத்தார்கள். இரப்பருக்குள் இருக்கிற ஆளின் முகம் எப்படி இருந்தால் என்ன? அத்தனை வருடத்தில் அவருடைய முகம் ஒரு தடவைகூடத் திரையில் வரவில்லை. இதை நான் ஒருநாள் எடுத்துச் சொன்னேன். அவர் கொஞ்சமும் வெட்கப்படவில்லை.

"முகத்தாலை ஆரும் நடிக்கலாம், பிள்ளை. முகத்தை மூடிப்போட்டு நடிச்சுக் காட்டச் சொல்லு பாப்பம்."

போருக்குப் பயந்து சனங்கள் எல்லாம், வெளிநாட்டுக்கு ஆள் அனுப்புகிற ஏஜென்சிக்காரனின் காலில் விழுந்தாவது கொழும்பை விட்டு வெளியே ஓடுகிற காலத்தில் அவர் உள்ளே வந்து இறங்கினார். கலைக்கு ஓய்வு கொடுத்துவிட்டு வந்ததாகச் சொன்னார். விசா முடிந்து பிடிபட்டு, விமானத்தில் ஏற்றி அனுப்பப்பட்டவர் என்பது கொட்டாஞ்சேனையில் இருக்கிற அவருடைய சொந்தத் தமக்கை வாயாலேயே எங்களுக்குத் தெரிய வந்தது. அவளும் அவரைத் தன் வீட்டில் வைத்துக்கொள்ளவில்லை. சாப்பிடுகிற நேரத்தில் எல்லாம் பூதக் கதை சொன்னால் எந்தத் தமக்கைதான் வைத்துக்கொள்வாள்?

அவர் கொண்டு வந்த சொத்து ஒரு பெட்டி வீடியோ கசெற். அதுவும் உருப்படியாக இல்லை. ஜப்பான் கசெற் எங்கள் ஊர் டெக்கில் போட்டால் நிறம் வராது, படம் கீழிருந்து மேலே உருண்டு உருண்டு ஓடும். கறுப்பு வெள்ளையில், உருளுகிற படத்துக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, இது ஊதா, இது பச்சை, இதிலே நெருப்பு என்று விரலால் தொட்டுத் தொட்டு நிறம் சொல்வார். எல்லாச் சண்டையும் ஒரே இடத்தில் நடக்கிற மாதிரி இருக்கிறதே என்று அம்மா கேட்டாள். நகரத்துக்கு வெளியே ஒரு கல்லுடைக்கிற இடம் இருக்கிறதாம், உலகம் ஒவ்வொரு கிழமையும் அங்கேதான் அழியுமாம். மின்சாரப் பானையாக நடித்தபோது அந்தக் கல்லில் இடறித்தான் அவருடைய வலது கால் பெருவிரல் முறிந்து கோணலாகப் பொருந்தியது. அதையும் செருப்பைக் கழற்றிக் காட்டுவார். போரில் பட்ட காயத்தைக் காட்டுகிறவர் மாதிரி முகத்தை வைத்துக்கொள்வார்.

அவருடைய உச்ச வேடம் பல்லி ராசாவின் மந்திரி. மற்றப் பூதங்கள் ஒரே கிழமையில் வெடித்துப் போக, இந்த மந்திரி மட்டும் தொடர் முழுக்க இருந்தான். பல்லி ராசா பாதாளத்திலிருந்து வந்து மனிதரைப் பிடித்து வரிசையில் நிறுத்துவான். ஒவ்வொருவராக மந்திரியின் முன்னால் வரவேண்டும். மந்திரி இல்லை என்று தலையசைத்தால் ஆள் தப்பினான். ஓம் என்று ஆட்டினால் ராசாவின் நாக்கு நீண்டு வந்து ஆளைச் சுருட்டிக்கொண்டு போகும்.

முதல்நாள் படப்பிடிப்பில் இவர் ஓம் என்பதற்கு நாங்கள் ஆட்டுகிற மாதிரித் தலையைப் பக்கவாட்டில் சரித்து ஆட்டியிருக்கிறார். ஜப்பான்காரருக்கு அது ஓமா இல்லையா என்று விளங்கவில்லை. நாக்கை நீட்டுகிறதா விடுகிறதா என்று தெரியாமல் பல்லி ராசா விழித்துக்கொண்டு நின்றானாம். நெறியாளர் ஓடி வந்து, இரப்பர்த் தலையை இரண்டு கையாலும் பிடித்துக் கீழே அமுக்கி, ஓம் என்றால் இப்படி என்று காட்டியிருக்கிறார். அதற்குள் இன்னொரு கரைச்சல். அந்தத் தலையில் ஒரு கண் ஓட்டையால்தான் வெளியே தெரியும். ஆளைப் பார்க்க வேண்டுமென்றால் முகத்தை இடது பக்கம் திருப்ப வேண்டும். இப்படி, முதலில் இடது பக்கம் மெல்லத் திரும்பி, ஒரு மூச்சு பொறுத்து, பிறகு மெதுவாகக் கீழே. அதுதான் மந்திரியின் ஓம். ஜப்பான் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் இதைச் செய்து ஒருவரையொருவர் பயப்படுத்தினார்களாம்.

இந்த ஓமை அவர் எங்கள் வீட்டில் எத்தனை தரம் செய்து காட்டியிருப்பார் என்பதற்குக் கணக்கில்லை. சீனி போதுமா என்று அம்மா கேட்டால் இடது பக்கம், ஒரு மூச்சு, கீழே. இன்னொரு வடை வைக்கவா என்றால் அதே. சுவரில் பல்லி கத்தினால் அம்மா, "போடாப்பா, உன்ரை ராசா கூப்பிடுறார்" என்று சிரிப்பாள். அவரும் எழுந்து நின்று பல்லிக்குத் தலை வணங்குவார். இப்படி ஒரு மனிதன்.

மந்திரி வேடத்தில் தான் கண்டுபிடித்த தத்துவம் ஒன்றையும் வைத்திருந்தார். வரிசையில் வருகிற எல்லாரையும் விட்டால் மந்திரியை ராசா நம்பமாட்டான், பார்க்கிற பிள்ளைகளும் நம்பமாட்டார்கள். பத்து இல்லைக்கு நடுவில் ஒரு ஓம் வரவேண்டும். அந்த ஒரு ஓமில்தான் மற்ற இல்லைகளின் உயிர் இருக்கிறது என்பார். சொல்லிவிட்டு நாங்கள் வியக்கிறோமா என்று எங்கள் முகங்களைப் பார்ப்பார். அண்ணா கொட்டாவி விடுவான்.

அவருடைய தலைக்கனம் பூதத்தோடு நின்றிருந்தால் பொறுத்துக்கொள்ளலாம். உலகத்தில் எல்லாருடைய நடிப்புக்கும் அவர் தீர்ப்புச் சொன்னார். கீழ்வீட்டுக்காரர் மாரடைப்பில் இறந்தபோது, பிரேதம் வீட்டில் கிடக்கவே என் காதுக்குள் குனிந்து, மனிசி அழுவதில் கையசைவு அளவுக்கு மிஞ்சிவிட்டது, தோளில் அழுகையே இல்லை என்றார். கலியாண வீட்டில் மாப்பிள்ளை வெட்கப்படுவது பொய் என்றார். காலி வீதிச் சோதனைச் சாவடியில் எங்கள் அடையாள அட்டைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்த பொடியன் சிப்பாயைக் கடந்து வந்ததும், துவக்கைப் பிடிக்கிறது சரி, ஆனால் தான் பயப்படுகிறதை முழங்கால் காட்டிக் கொடுக்கிறது என்றார். எங்கள் முழங்கால் நடுங்கியது அவர் கண்ணில் படவில்லை.

அண்ணாதான் அவருக்குத் தலையாட்டி மாமா என்று பேர் வைத்தான். அந்தக் காலத்தில் அந்தச் சொல்லை விளையாட்டுக்கும் வாயில் எடுக்கமாட்டார்கள். ஆமியின் சுற்றிவளைப்பு நடந்தால், பிடித்த ஆண்களை எல்லாம் வரிசையில் விட்டு, முகத்தில் சாக்குப் போட்ட ஒருவனின் முன்னால் நடக்க வைப்பார்கள். சாக்குக்குள் இருக்கிறவன் இயக்கத்து ஆட்களைத் தெரிந்தவன். அவன் யாருக்குத் தலையாட்டுகிறானோ அவனை ஏற்றிக்கொண்டு போவார்கள். அவன்தான் தலையாட்டி. ஆர் என்று தெரிந்தால் பிறகு அவன் உயிரோடு இருக்கமாட்டான். அம்மா அண்ணாவைப் பிடித்துப் பேசினாள், இந்த வீட்டில் அந்தச் சொல் வரக்கூடாது என்றாள். மாமாவுக்கு என்னவோ பேர் பிடித்துப்போனது. பட்டம் கிடைத்தவர் மாதிரிச் சிரித்தார்.

பிறகு பொலிஸ் பதிவு வந்தது. வடக்கிலிருந்து வந்து கொழும்பில் இருக்கிறவர்கள், வீட்டுக்கு ஒருவராவது போய், எல்லாருடைய பேரையும் பதிய வேண்டும். எங்கள் வீட்டுக்காக அம்மா போனாள், மாமாவையும் கூட்டிக்கொண்டு போனாள். வந்து படியில் குந்திக்கொண்டு, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, தலையில் அடித்துக்கொண்டாள். நடந்தது இதுதான். மேசையில் இருந்த அதிகாரி மாமாவிடம் என்ன தொழில் என்று சிங்களத்தில் கேட்டிருக்கிறார். வேறு யாராக இருந்தாலும் ஓய்வு பெற்றவர் என்று சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போட்டு வந்திருப்பார்கள். இந்த மனிதர் நெஞ்சை நிமிர்த்தி, "மம நளுவெக்" என்றிருக்கிறார். நான் நடிகன். அதிகாரிக்குப் பொழுது போகவில்லை போலும், என்ன நடிப்பு என்று கேட்டிருக்கிறார். மாமாவுக்குத் தெரிந்த சிங்களம் கடைக்குப் போதுமானது, கலைக்குப் போதாது. ஆகவே இரண்டு கையாலும் முகத்தை மூடிக் காட்டி, முகமூடி என்று விளக்கி, ஆட்கள் வரிசையில் வருவார்கள் என்று விரலால் நடந்து காட்டி, அதற்குப் பிறகு இடது பக்கம், ஒரு மூச்சு, கீழே.

அதிகாரி முதலில் சிரித்தாராம். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு மாமாவைக் கொஞ்ச நேரம் பார்த்தாராம். எங்கே செய்தது என்று கேட்டாராம். ஜப்பான் என்று மாமா சொன்னதை அவர் நம்பின மாதிரித் தெரியவில்லை என்று அம்மா சொன்னாள். மாமாவோ, சிங்களவனும் என் நடிப்பைப் பார்த்து அசந்துவிட்டான் என்று ஒழுங்கை முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை எங்கள் ஒழுங்கையையும் பக்கத்து ஒழுங்கைகளையும் சுற்றி வளைத்தார்கள். ஆண்கள் எல்லாரையும் உடுத்த உடுப்போடு இறக்கித் தண்டவாளத்துக்குப் போகிற வழியில் இருந்த வெறுங்காணிக்குக் கொண்டு போனார்கள். லொட்ஜுகளில் தங்கி வெளிநாட்டுக்குக் காத்திருந்த இளந்தாரிப் பெடியள்தான் அதில் கூடுதல். அண்ணா இடுப்பில் கட்டியிருந்த சாரத்தோடு போனான். மாமா பின்னறையில் இல்லை. கதவு பூட்டிக் கிடந்தது. நல்ல நேரம் பார்த்து ஆள் எங்கேயோ நழுவிவிட்டது என்று அம்மாவிடம் சொன்னேன். அதுதான் அவரைப் பற்றி நான் நினைத்தது.

கொஞ்ச நேரத்தில் பார்த்தால் அண்ணாவின் வங்கி ஊழியர் அடையாள அட்டை மேசையில் கிடக்கிறது. அவனைக் காப்பாற்றக்கூடிய பொருள் அது ஒன்றுதான். அதை எடுத்துக்கொண்டு ஓடினேன். காணியின் வாசலில் நின்ற சிப்பாயிடம் எனக்குத் தெரிந்த சிங்களம் முழுவதையும் சொல்லி, அட்டையைக் காட்டி, அழுது, உள்ளே போனேன். வரிசை நகர்ந்துகொண்டிருந்தது. ஒரு வான் கதவைத் திறந்தபடி நின்றது. உள்ளே சாக்குப் போட்ட ஆள் இருந்தான். இரண்டு ஓட்டை. முன்னால் ஒரு சிப்பாய் காலை அகட்டி மறித்துக்கொண்டு நின்றான், அதனால் சாக்கைத் தவிர வேறொன்றும் தெரியவில்லை.

லொட்ஜ் பெடியள் ஒருவர் பின் ஒருவராக வந்தார்கள். சாக்கு இல்லை என்றது. அடுத்தவனுக்கும் இல்லை என்றே அசைந்தது. அதற்கடுத்தவனுக்கும் இல்லை. பக்கத்தில் நின்ற ஆமி அதிகாரிக்குக் கோபம் ஏறுவது தெரிந்தது. வானுக்குள் குனிந்து என்னவோ சொன்னார், சாக்கின் மேல் ஒரு அடி விழுந்தது. நான் அந்த நேரம் பார்த்து அண்ணாவின் கையில் அட்டையைக் கொடுத்தேன். அவன் அதை நெஞ்சுக்கு நேரே பிடித்துக்கொண்டு வானுக்கு முன்னால் போய் நின்றான்.

சாக்கு மெல்ல இடது பக்கம் திரும்பியது. ஒரு மூச்சு. பிறகு கீழே.

எனக்கு விளங்கிவிட்டது. நான் கத்தவில்லை.  அண்ணாவை அந்த இடத்திலேயே கையைப் பின்னால் கட்டி ஏற்றினார்கள். அதற்குப் பிறகு வந்தவர்களுக்கும் சாக்கு இல்லை என்றே தலையசைத்தது. இப்போது அதிகாரி தலையை ஆட்டிக்கொண்டு ஒவ்வொருவராக விட்டார்.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அம்மா கதவைச் சாத்திவிட்டு என் வாயைப் பொத்தினாள். வெளியில் ஒரு சொல் போனால் அந்த மனிதனை யாராவது முடித்துவிடுவார்கள், அந்தப் பாவம் எங்களுக்கு வேண்டாம் என்றாள். பாவமாம். அண்ணா எங்கே இருக்கிறான் என்றே தெரியாமல் நாங்கள் அலைந்த நாட்களில், அம்மா அந்த ஆளின் உயிருக்கும் சேர்த்துக் காவல் இருந்தாள். நான் வாயைத் திறக்காமல் இருந்தது அம்மாவுக்காக. அவருக்காக இல்லை.

சில நாள் கழித்து மாமா வந்தார். உதடு வீங்கி, ஒரு கண் கறுத்திருந்தது. வத்தளையில் சிநேகிதன் ஒருவனின் வீட்டுக்குப் போயிருந்ததாகவும், அங்கே குளியலறையில் வழுக்கி விழுந்ததாகவும் சொன்னார். அண்ணாவைப் பிடித்துப் போனதை அப்போதுதான் கேள்விப்படுகிறவர் மாதிரி வாயைப் பிளந்தார். மற்றவர்களின் நடிப்பில் குறை கண்டுபிடிக்கிறவர், இதை எவ்வளவு மோசமாகச் செய்தார் தெரியுமா? முகத்தால் நடிக்க அந்த மனிதருக்குத் தெரியவே தெரியாது. அம்மா தேத்தண்ணியைக் கொண்டு வந்து வைத்தாள். சீனி போதுமா என்று கேட்கவில்லை.

அண்ணாவின் மனேஜர் சிங்கள மனிதர். நல்ல மனிதர். எங்களோடு அலைந்து, தெரிந்தவர்களைப் பிடித்து, தானே போய்ப் பொறுப்பு நின்று, மழைக்காலம் முடிகிற நேரத்தில் அவனை வெளியே எடுத்துத் தந்தார். அண்ணா மெலிந்து திரும்பி வந்தான். இடது காது கேட்காது. எதனால் என்று நாங்கள் கேட்கவில்லை, அவனும் சொல்லவில்லை.

அவன் வந்து கொஞ்ச நாளில், அம்மா கோயிலுக்குப் போயிருந்த ஒரு பின்னேரம், மாமா வழக்கம் போலப் படியேறி வந்து கதிரையில் இருந்தார். அண்ணா உள்ளே படுத்திருந்தான். தேத்தண்ணி ஊற்றுகிற பாவனையே இல்லாமல் நான் அவருக்கு முன்னால் போய் நின்று, ஏன் அண்ணாவைக் காட்டினீர்கள் என்று கேட்டேன்.

மறுப்பார் என்று நினைத்தேன். மறுக்கவில்லை. நிலத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

"எல்லாருக்கும் இல்லை எண்டால் நம்பமாட்டாங்கள், பிள்ளை. ஒண்டைக் குடுக்கத்தான் வேணும். லொட்ஜுப் பெடியளுக்கு ஆர் இருக்கினம்? போனால் திரும்பாதுகள். ஆரைக் குடுக்கிறதெண்டு தெரியாமல் நான் நிக்கேக்கை நீ அவனுக்கு பாங்க் அட்டையைக் கொண்டந்து குடுத்தாய். உவனுக்கு பாங்க் இருக்கு, மனேஜர் இருக்கிறார், நீ இருக்கிறாய், அக்கா இருக்கிறா. உவன் வருவான் எண்டு தெரியும்."

நான் கொண்டு ஓடின அட்டை. அழுது கெஞ்சிக் கொண்டு போன அட்டை.  அவர் சொன்னதில் கணக்குப் பிழை இல்லை என்பதும் விளங்கியது, அதுதான் இன்னும் கொடுமை. அன்றைக்கு அந்தக் காணியிலிருந்து திரும்பிப் போன பெடியளின் தாய்மார் எங்கெங்கேயோ விளக்கேற்றியிருப்பார்கள். அதற்கு விலை என் அண்ணாவின் காது. யாரைக் கேட்டு இந்த மந்திரி வேலை பார்த்தார்? பொலிஸ் மேசைக்கு முன்னால் அவருடைய வாயை அடக்கத் தெரிந்திருந்தால் அந்தச் சாக்கு அவருடைய தலைக்கு வந்திருக்குமா?

இதையெல்லாம் நான் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அவர் தலையை நிமிர்த்தினார். அந்த முகத்தை நான் மறக்கமாட்டேன். வீக்கம் வடிந்து தழும்பு விழுந்த உதட்டோடு, ஒரு கூச்சத்தோடு, கண்ணில் ஒரு வெளிச்சத்தோடு கேட்டார்.

"அது நான்தான் எண்டு எப்பிடிக் கண்டுபிடிச்சனீ?"

வேறு யாராக இருந்தாலும் பயத்தில் கேட்ட கேள்வி என்று நினைத்திருப்பார்கள். உயிருக்கு ஆபத்து இருக்கிறது, யாருக்கெல்லாம் தெரியும் என்று அறிய வேண்டாமா? எனக்குத் தெரியும், அது இல்லை. மேடையை விட்டு இறங்கி வந்த ஆள் கேட்கிற கேள்வி அது. உருளாத படத்தில், நிறத்தோடு, கிட்ட நின்று அவருடைய நடிப்பைப் பார்த்த ஒரே ஆளிடம் கேட்கிறார்.

பேச்சுக் குரல் கேட்டு அண்ணா எழுந்து வந்து வாசலில் நின்றான். நான் ஏதாவது சொல்ல வேண்டுமே என்று, தேத்தண்ணி குடிக்கிறாயா என்று அவனிடம் கேட்டேன். அவனுக்குக் கேட்கவில்லை. கேட்கிற காதை எனக்கு நேரே கொண்டு வருவதற்காக முகத்தை மெல்ல இடது பக்கம் திருப்பினான். நான் திரும்பவும் கேட்டேன். ஒரு மூச்சு பொறுத்தான். பிறகு ஓம் என்று தலையை மெதுவாகக் கீழே இறக்கினான்.

மாமா பார்த்துக்கொண்டிருந்தார். எல்லாருடைய நடிப்புக்கும் தீர்ப்புச் சொல்கிறவர் இதற்கு ஒன்றும் சொல்லவில்லை. அவருடைய கை மட்டும் தன்னாலே போய்க் கழுத்தைப் பிடித்துக்கொண்டது. அண்ணா உள்ளே போய்விட்டான். அவர் என் பக்கம் திரும்பினார். இவ்வளவுக்குப் பிறகும் அந்தக் கேள்வி அவருடைய கண்ணில் அப்படியே நின்றது.

"காலைக் கண்டனான்" என்றேன். "சிப்பாயின்ரை காலுக்கு இடையாலை உங்கடை கோணல் விரல் தெரிஞ்சது."

"காலோ?"

"ஓம். கால்தான்."

"தலையைப் பார்க்கேல்லையோ?"

"சாக்குத்தானே மாமா. அதிலை என்ன விளங்கும்?"

அவர் குனிந்து தன் பெருவிரலைப் பார்த்தார். வெகு நேரம் பார்த்தார். பிறகு எழுந்து, தேத்தண்ணிக்குக் காத்திராமல் படியிறங்கிப் போனார். அடுத்த நாள் காலையில் மாடிப்படியின் அடியில் கழுத்துச் சுழற்றுகிற ஆளைக் காணவில்லை. அதற்கடுத்த நாளும் இல்லை. கொஞ்ச காலத்தில் தமக்கை சேர்த்துக்கொள்ளச் சம்மதிக்க, கொட்டாஞ்சேனைக்கே போய்விட்டார். போர் முடிய முன்னமே அங்கே இறந்தார். செத்தவீட்டில் ஒருவர் எழுந்து, ஜப்பானில் தமிழனின் கலையை நாட்டிய பெருமகன் என்று பேசினார். நான் பெட்டிக்குள் பார்த்தேன். முகம் முழுக்கத் தெரிந்தது, மூடாமல் விட்டிருந்தார்கள். அதில் ஒன்றும் இல்லை.

கால் எனக்குத் தெரியவே இல்லை. அந்தச் சிப்பாய் வானின் வாசலில் சாக்குக்குக் கீழே எல்லாவற்றையும் மறைத்துக்கொண்டு நின்றான். நான் கண்டுபிடித்தது கழுத்தால்தான். சாக்குக்குள்ளிருந்து, இடது பக்கம் திரும்பி, மூச்சை எடுத்து, கீழே வந்த அந்த ஒரு ஓமில், நின்றிருந்த ஆமிக்காரர் அத்தனை பேரும் மற்ற எல்லா இல்லைகளையும் நம்பினார்கள். மனிதர் வாழ்நாளில் செய்ததிலே அதுதான் ஆகச் சிறந்தது. அதை அவரிடம் சொல்லியிருந்தால் சந்தோசமாகச் செத்திருப்பார்.

அண்ணா இன்றைக்கும் சோற்றுக் கோப்பைக்கு முன்னால் இருந்து, இன்னும் போடவா என்று நான் கேட்டால், முகத்தை இடது பக்கம் திருப்புகிறான். சொல்லியிருக்கலாமோ என்று ஒரு தடவைகூட எனக்குத் தோன்றியதில்லை.